முற்றத்தில் நின்ற கறுப்பு டாக்ஸி

காலை ஒன்பது மணிக்கு ஸ்டூடியோ வாசலில் வந்து இறங்கிய நார்மன் கெர்ஷாவுக்கு, முற்றத்தில் அந்தக் கறுப்பு டாக்ஸி நிற்பதைப் பார்த்ததும் திரும்பி வீட்டுக்கே ஓடிவிடலாமா என்று தோன்றியது.

டாக்ஸியைப் பார்த்து என்ன பயம் என்று கேட்பீர்கள். மான்செஸ்டரில் தெருவுக்குப் பத்து டாக்ஸி ஓடுகிறது. இது அந்த மாதிரி ஓடுகிற டாக்ஸி இல்லை. 'ஃபவுண்ட்ரி லேன்' தொடருக்குச் சொந்தமான டாக்ஸி. வாரத்தில் மூன்று நாள், மாலை ஏழரை மணிக்கு, பாதி தேசம் டீக்கோப்பையும் கையுமாக உட்கார்ந்து பார்க்கிற தொடர் அது. அதிலிருந்து ஒருவரைக் கழற்றிவிடுவதென்றால் நாற்பது வருடமாக ஒரே வழிதான். பெட்டியைத் தூக்கிக்கொண்டு தன்னந்தனியாக அந்த டாக்ஸியில் ஏற வேண்டும். பின்கண்ணாடி வழியாக ஒருமுறை திரும்பிப் பார்க்க வேண்டும். வண்டி தெருமுனையில் மறையும். அவ்வளவுதான், அடுத்த திங்கட்கிழமை அந்த நடிகர் வேலை தேடிக்கொண்டிருப்பார். மற்ற நாட்களில் வண்டி பின்னாலிருக்கும் கொட்டகையில் தார்ப்பாய் போர்த்திக் கிடக்கும். முற்றத்துக்கு வந்துவிட்டதென்றால் யாருக்கோ நேரம் சரியில்லை.

நார்மன் அதைப் பார்க்காதவர் மாதிரி கேன்டீனுக்குள் நுழைந்தார். உள்ளே இருபது நடிகர்கள் இருந்தார்கள். எல்லோரும் ஜன்னலுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தார்கள்.

"என்னய்யா, மூஞ்சி வெளுத்துப் போயிருக்கு? டாக்ஸியப் பாத்துட்டியா?" என்றார் பெரில் ஆர்மரோட், பேக்கன் வைத்த பன்னைக் கடித்தபடி.

"எந்த டாக்ஸி?"

"ஆமாமா, உனக்குக் கண்ணு தெரியல. அது எனக்குத்தான் வந்திருக்குன்னு நெனைக்கிறேன். போன வாரம் தயாரிப்பாளரம்மா ஃபியோனா என்னக் கூப்பிட்டு, உங்க தோலு எவ்வளவு பளபளன்னு இருக்குன்னா. மேல மாடியில இருக்கறவங்க நல்ல வார்த்த சொன்னா எனக்கு அப்பவே பெட்டியக் கட்டத் தோணுது."

பெரில் அந்தத் தொடரில் நார்மனுடைய மனைவி. பெர்ட் ஹாலம், எட்னா ஹாலம் என்றால் வட இங்கிலாந்தில் தெரியாத ஆள் கிடையாது. ஃபவுண்ட்ரி லேன் ஏழாம் எண்ணில் இருக்கிற 'ஆன்வில்' என்ற பப்பை நடத்துகிற புருஷன் பெண்டாட்டி. இருபத்தைந்து வருடமாகத் திரையில் குடும்பம் நடத்துகிறார்கள். வெளியே வந்தால் அவரவர் வீட்டுக்கு அவரவர். பெரிலின் கணவர் இறந்து ஏழு வருடம் ஆகிறது. நார்மனின் மனைவி எப்போதோ ஒரு பல் டாக்டரோடு போய்விட்டார். போனது நியாயம்தான் என்று நார்மனே சொல்வார்.

ரொட்டி சுடுபவரின் மகனாக ஓல்டமில் பிறந்து, கடற்கரை ஊர்க் கொட்டகைகளில் வாரத்துக்கு ஒரு நாடகம் போட்டுப் பிழைத்தவர் அவர். ஒரு வசனம் பேசும் போலீஸ்காரர், இரண்டு வசனம் பேசும் திருடன், குழம்புப் பொடி விளம்பரத்தில் "இன்னும் கொஞ்சம் ஊத்து" என்று சொல்லும் அப்பா என்று அலைந்து, நாற்பத்தொன்றாம் வயதில் பெர்ட் ஹாலமாகி, அப்பாடா என்று உட்கார்ந்தார். அந்தக் காலத்தில் நாற்பது பக்கம் கொடுத்தாலும் ராத்திரி படித்துவிட்டுக் காலையில் கடகடவென்று ஒப்பித்துவிடுவார். அவருடைய மண்டைதான் அவருடைய சொத்து. வேறென்ன இருக்கிறது நடிகனிடம், சொல்லுங்கள்.

அந்த மண்டைதான் இரண்டு வருடமாகக் காலை வாருகிறது.

முதலில் பெயர்கள் போயின. பிறகு ஒரு நாள் வசனத்தின் நடுவில், படி இருக்கும் என்று கால் வைத்த இடத்தில் படி இல்லாத மாதிரி, ஒன்றுமே இல்லை. எல்லோரும் சிரித்தார்கள், அவரும் சிரித்தார். வீட்டுக்குப் போய்க் குளியலறைக் கதவைத் தாழிட்டுக்கொண்டு அந்த வசனத்தைத் திரும்பத் திரும்பச் சொல்லிப் பார்த்தார். ஏனென்றால் வால்டர் பிம் என்ற நடிகருக்கும் இப்படித்தான் சிரிப்பில் ஆரம்பித்தது. தொடரில் மளிகைக் கடைக்காரராக நடித்தவர். வசனம் மறந்தது, ஒரு காட்சியைப் பதினெட்டு முறை எடுத்தார்கள், மூன்றாவது மாதம் மளிகைக் கடைக்காரர் தன் அக்கா வீட்டுக்கு டாக்ஸி ஏறிவிட்டார். பிறகு நார்மன் ஒருமுறை வால்டரை முதியோர் இல்லத்தில் போய்ப் பார்த்தார். சட்டையைத் திருப்பிப் போட்டுக்கொண்டு ஜன்னலோரம் உட்கார்ந்திருந்த வால்டர் அவர் கையைப் பிடித்து, "இன்னிக்கு என் வசனம் வந்துடுச்சா?" என்று கேட்டார். நார்மன் அதற்கப்புறம் அந்தப் பக்கம் தலைவைத்துப் படுக்கவில்லை.

டாக்டரிடம் போனாரா என்றால், போகவில்லை. போனால் இந்த மறதிக்கு ஒரு நோயின் பெயர் வைத்துவிடுவார்கள். பெயர் வைத்துவிட்டால் மாடிக்குத் தெரிந்துவிடும். மாடிக்குத் தெரிந்தால் டாக்ஸி.

ஆகவே ஒளித்தார். அதற்கு ஒரே கூட்டாளி டகி. செட்டில் கண்ணாடி கோப்பை தட்டுமுட்டு எல்லாவற்றையும் அடுக்குகிறவன், அந்த வேலையில் முப்பது வருடம் ஊறியவன். பியர் இழுக்கும் பம்பின் பின்பக்கம், கல்லாப் பெட்டிக்குள், சிப்ஸ் டப்பாவின் முதுகில், பெர்ட் படிக்கிற செய்தித்தாளில் என்று நார்மனின் வசனங்களைத் தடித்த பேனாவில் எழுதி ஒட்டிவைப்பான். ஏன் எதற்கு என்று ஒரு நாளும் கேட்டதில்லை.

இன்றைக்கு அந்த டகியே வாடிய முகத்தோடு வந்து காதைக் கடித்தான்.

"தலைவரே, மோசம் போனோம். கவுண்டருக்குப் பின்னாடி ஒரு கேமரா வைக்கிறாங்க. பம்போட பின்பக்கம், கல்லா, சிப்ஸ் டப்பா, எல்லாமே தெரியும். ஒட்டினத எல்லாம் பிச்சு எறிஞ்சிட்டேன்."

"இன்னிக்கா? இன்னிக்குப் போயா?"

இன்றைக்கு என்ன விசேஷம் என்றால், தொடருக்கு நாற்பதாவது பிறந்த நாள். அதைக் கொண்டாடுகிறேன் பேர்வழி என்று தயாரிப்பாளர் ஃபியோனா டெய்ட் செய்த காரியம், அரை மணி நேரத்தையும் நேரடி ஒளிபரப்பாக்கியது. தப்பு செய்தால் மறுபடி எடுக்க முடியாது. ஒரு கோடிப் பேர் பார்த்துக்கொண்டிருப்பார்கள். பத்தாததற்குக் கடைசி நான்கு பக்கத்தை யாருக்கும் கொடுக்கவில்லை, பத்திரிகைக்காரர்கள் மோப்பம் பிடித்துவிடுவார்களாம். மத்தியானம் மூன்று மணிக்குத்தான் கையில் தருவார்கள். யார் டாக்ஸியில் ஏறப்போகிறார் என்பது அந்த நான்கு பக்கத்தில் இருந்தது.

மூன்று மணிக்கு இளஞ்சிவப்புத் தாளில் வந்தது. நார்மன் தன் அறைக்கதவைச் சாத்திவிட்டுப் படித்தார். எட்னா பெட்டியோடு வாசலுக்கு வருகிறாள். வெளியே டாக்ஸி ஹாரன் அடிக்கிறது. பெரிலா! அடுத்த பக்கத்தைத் திருப்பினார். பெர்ட் கவுண்டருக்குப் பின்னால் நின்றபடி பேசுகிறான். கேட்டுவிட்டு எட்னா பெட்டியைக் கீழே வைக்கிறாள். டாக்ஸி காலியாகப் போகிறது.

யாரும் போகவில்லை! ஒரு நிமிடம் குழந்தை மாதிரி சிரித்தார். பிறகு பெர்ட்டின் பேச்சு எவ்வளவு நீளம் என்று பார்த்தார். பதினாறு வரி. ஒரே மூச்சில், நடுவில் யாரும் குறுக்கே பேசாத பதினாறு வரி. சிரிப்பு அப்படியே உறைந்துவிட்டது.

நான்கு மணி நேரத்தில் பதினாறு வரி. ஒரு காலத்தில் அவருக்கு அது பிஸ்கட் தின்கிற வேலை. முதல் வரியைப் படித்தார், மூடினார், சொன்னார். இரண்டாம் வரிக்குப் போனதும் முதல் வரி போய்விட்டது. மறுபடி படித்தார். டகியைத் தேடிக்கொண்டு செட்டுக்கு ஓடினார்.

"டகி, ஏதாச்சும் பண்ணுடா. உன் கால்ல வேணா விழறேன்."

டகி செட்டையே சுற்றிச் சுற்றிப் பார்த்தான். பிறகு கவுண்டரின் மேல் கையை வைத்தான். பப் என்றால் கவுண்டர் நெடுக, கோப்பைக்கு அடியில் வைக்கச் சதுரச் சதுரமாக அட்டை கிடக்கும். அதில் பியர் கம்பெனிக்காரன் பெயர் அச்சடித்திருக்கும்.

"அட்டை! எட்டு அட்டை, அட்டைக்கு ரெண்டு வரி. தூரத்துலேருந்து பாத்தா அச்சடிச்ச எழுத்து மாதிரியே இருக்கும். நீங்க வலது பக்கத்துலேருந்து இடது பக்கம் நடந்துகிட்டே பேசுங்க. துக்கத்துல நடக்கற மாதிரி இருக்கும்."

"டகி, நீ மனுஷனே இல்ல, தெய்வம்."

மூன்று முறை ஒத்திகை நடந்தது. மூன்று முறையும் நார்மன் வலமிருந்து இடம் நடந்து, தலையைக் குனிந்து, பெருமூச்சு விட்டு, பதினாறு வரியையும் ஒரு சொல் பிசகாமல் சொன்னார். மூன்றாம் முறை ஃபியோனா கைதட்டினாள். "குனிஞ்சுகிட்டே பேசறீங்க பாருங்க, அது அற்புதம் நார்மன்! அவ மூஞ்சியப் பாக்க முடியல அவனால." டகி தூணுக்குப் பின்னால் நின்று கட்டைவிரலைக் காட்டினான். நார்மனுக்கு இரண்டு வருடத்தில் முதல் தடவையாகப் பசித்தது.

ஏழரை. மேடை மேலாளர் விரல்களை மடக்கினார், ஐந்து, நான்கு, மூன்று. நாடெங்கும் வீடுகளில் அந்தப் பழைய இசை ஒலித்தது.

முதல் இருபது நிமிடம் நன்றாகவே போயிற்று. நார்மனுக்குச் சின்னச் சின்னப் பதில்கள்தான், வந்துவிட்டன. கடைசிக் காட்சி. பப்பில் கூட்டம். கூட்டத்தில் வருகிற துணை ஆட்களுக்கு இந்தத் தொடரில் ஒரு விதி உண்டு: வாய் பேசக் கூடாது, ஆனால் இயல்பாக இருக்க வேண்டும். பத்துப் பேர் வந்து கவுண்டரில் சாய்ந்தார்கள். இயல்பாக இருந்தார்கள். கையிலிருந்த பியர் கோப்பையை இயல்பாக அட்டையின் மேல் வைத்தார்கள்.

ததும்பும் கோப்பைகள். நுரை வழிய, வெளிப்பக்கமெல்லாம் ஈரமாக.

ஒத்திகையில் கோப்பையெல்லாம் காலியாக இருந்தன, அடியில் எழுத்து தெளிவாகத் தெரிந்தது! ஒத்திகையில் என்றைக்கும் காலியாகத்தான் இருக்கும், நுரை அடங்கிவிடும் என்பதற்காக. படம் பிடிக்கும்போது மட்டும்தான் நிரப்புவார்கள். நிரப்புகிற ஆள் யார்? டகிதான். முப்பது வருடப் பழக்கத்தில் ஏழே முக்காலுக்குப் பத்துக் கோப்பையையும் தன் கையாலேயே விளிம்பு வரை நிரப்பித் தந்திருந்தான். அட்டை அவன் நினைப்பிலேயே இல்லை, நார்மன் நினைப்பிலும் இல்லை. ஒரு வயதான குடிகாரர் வேடக்காரர் இரண்டாவது அட்டையை எடுத்துக் காதைக் குடைந்துகொண்டிருந்தார், இயல்பாக.

வெளியே டாக்ஸி ஹாரன் அடித்தது. கதவைத் திறந்துகொண்டு பெரில் பெட்டியோடு வந்து நின்றார்.

"நான் போறேன் பெர்ட். ஏதாச்சும் சொல்லணும்னா இப்பச் சொல்லிடு."

நார்மன் முதல் அட்டையைப் பார்த்தார். அதன்மேல் ஒரு கோப்பை. மெதுவாக அதை நகர்த்தினார். அடியில் நீல மை கரைந்து, எழுத்தெல்லாம் ஒன்றோடொன்று கலந்து, ஒரு பெரிய கறை மட்டும் இருந்தது. மூன்றாவதை நகர்த்தினார், அதுவும் கறை. அதற்கடுத்தது. யாரோ ஈர விரலால் அவர் மண்டைக்குள் புகுந்து துடைத்துவிட்டது போலிருந்தது.

செட்டில் ஈ ஆடவில்லை. ஐந்து விநாடி. எட்டு விநாடி. டெலிவிஷனில் எட்டு விநாடி என்பது ஒரு யுகம் ஐயா. கேமராவுக்கு அந்தப் பக்கம் மேடை மேலாளரின் வாய் திறந்திருந்தது. டகி தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டான். கதவுக்கு வெளியே டாக்ஸியின் மஞ்சள் விளக்கு எரிந்துகொண்டிருந்தது. எனக்குத்தான், என்று நார்மன் நினைத்தார். காலையிலிருந்து எனக்காகத்தான் நிக்குது.

பன்னிரண்டாவது விநாடியில் பெரில் நடந்துவந்தார். தாளில் அப்படி நடக்கச் சொல்லவில்லை. பெட்டியும் கையுமாகக் கவுண்டருக்கு நேரே வந்து நின்று நார்மனை உற்றுப் பார்த்தார்.

"வேணாம், சொல்லாத. நீ என்ன சொல்லப்போறேன்னு எனக்குத் தெரியாதா? இத்தன வருஷம் உன்கூட குப்பை கொட்டிருக்கேன்." பெட்டியை இன்னொரு கைக்கு மாற்றிக்கொண்டார். "தினமும் காலைல நாந்தான் முதல்ல எந்திரிச்சுக் கதவத் தொறக்கறேன்னு சொல்லப்போற. நான் போயிட்டாலும் கதவு தொறக்கும், பியர் வரும், ஜனங்க வருவாங்கன்னு சொல்லப்போற. ஆனா ராத்திரி எல்லாரும் போனப்புறம் யாருக்காகக் கதவப் பூட்டறதுன்னு உனக்குத் தெரியலன்னு சொல்லப்போற. அதான?"

பதினாறு வரியையும் அவரே சொன்னார். நார்மனின் வரிகளை. ஒரு சொல் விடாமல். கேமரா நார்மனின் முகத்துக்கு நெருங்கியது. அவர் செய்தது ஒன்றே ஒன்று. துணியை எடுத்து ஈரக் கவுண்டரைத் துடைத்தார். துடைத்துக்கொண்டே இருந்தார். கண்ணிலிருந்து வழிந்தது கவுண்டரில் விழ, அதையும் துடைத்தார். பெரில் பெட்டியைக் கீழே வைத்தார். வெளியே டாக்ஸி காலியாகப் போயிற்று.

இசை முடிந்ததும் ஃபியோனா ஓடிவந்து கட்டிப்பிடித்துக்கொண்டாள். "நீங்க ரெண்டு பேரும் சேந்து பண்ண சதிதான இது? என்கிட்ட ஒரு வார்த்த சொல்லல! அந்த மௌனம் இருக்கே நார்மன், எனக்கு மயிர்க்கூச்செறிஞ்சிடுச்சு!" மறுநாள் பத்திரிகைகள் எல்லாம் அந்த மௌனத்தைத் தூக்கி வைத்துக் கொண்டாடின. டகி மட்டும் மூலையில் நின்று, "நானே ஊத்தினேன் தலைவரே, என் கையாலயே" என்று மூக்கைச் சிந்தினான். பெரில் ஒன்றும் கேட்கவில்லை. "சாப்பிட்டுத் தூங்கு" என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார். நாடகக் காலத்திலிருந்தே கூட நடிக்கிறவரின் வசனத்தையும் படித்து வைத்துக்கொள்வது அவர் வழக்கம் என்று நார்மன் தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். தப்பித்தாயிற்று என்று நினைத்தார். தப்பித்தவருக்கு ஏன் தூக்கம் வரவில்லை என்பதை அவர் கேட்டுக்கொள்ளவில்லை.

இரண்டு வாரம் கழித்து மாடியிலிருந்து அழைப்பு வந்தது. நார்மன் ஏறிப் போனார்.

"உட்காருங்க நார்மன். டீ?" ஃபியோனாவின் கண்கள் மின்னின. "அந்த மௌனத்துலேருந்து எனக்கு ஒரு யோசனை. பெர்ட்டுக்கு ஞாபகம் போகுது. கொஞ்சங் கொஞ்சமா, ஒரு வருஷம் முழுக்க. முதல்ல பேரு மறக்கும், அப்புறம் வழி மறக்கும், கடைசில எட்னாவையே தெரியாது. நாடே அழும். உங்களுக்கு வசனமும் கம்மி, பாருங்க!"

நார்மன் கையிலிருந்த கோப்பையைக் குடிக்காமலே கீழே வைத்தார்.

"கடைசில?"

"கடைசில..." ஃபியோனா ஜன்னலைப் பார்த்தாள். "எப்படியும் ஒரு நாள் போய்த்தான ஆகணும்? இதவிட அழகா யாரும் போனதில்ல. பரிசு வாங்கப்போறீங்க, எழுதி வச்சுக்கோங்க."

மாட்டேன் என்று சொல்லலாம். ஏன் என்று கேட்பாள். அதற்கு என்ன சொல்வது? நல்ல யோசனை என்று சொல்லிவிட்டு இறங்கி வந்தார். அன்றிலிருந்து, தான் மறைக்கிற ஒவ்வொன்றையும் யாரோ ஜன்னல் வழியாகப் பார்த்து எழுதிக்கொள்வது போல வசனத் தாள்கள் வரத் தொடங்கின. பெர்ட் சாவியை ரொட்டி டப்பாவில் வைத்துவிட்டுத் தேடுகிறான் என்றிருந்தது ஒன்றில். முந்தின வாரம்தான் நார்மன் தன் சாவியை அங்கிருந்து எடுத்திருந்தார்.

எல்லாம் உண்மைபோல் இருக்க வேண்டுமென்று ஃபியோனா அவர்கள் இருவரையும் ஞாபக மறதிக்கு வைத்தியம் பார்க்கிற ஒரு டாக்டரிடம் அனுப்பினாள். டாக்டர் பிளெவின் சிவந்த கன்னங்களோடு சின்னப் பையன் மாதிரி குதித்தார்.

"என் மாமியார் உங்க பைத்தியம்! வாங்க, உட்காருங்க. நோயாளிங்ககிட்ட என்ன கேப்பேனோ அதையே உங்ககிட்ட கேக்கறேன். பெர்ட் எப்படிப் பதில் சொல்லுவான்னு பாக்கலாம். மூணு வார்த்த சொல்றேன், ஞாபகம் வச்சுக்கோங்க. ஆப்பிள், குடை, ஜன்னல். இப்ப ஒரு கடிகாரம் போடுங்க. மணி பதினொண்ணு பத்து."

நார்மன் பென்சிலை எடுத்தார். பெரில் பக்கத்து நாற்காலியில் கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். இது ஒன்றும் பெரிய விஷயமில்லை, வட்டம் போட்டுப் பன்னிரண்டு எண் எழுத வேண்டும், ஐந்து வயதுக் குழந்தை செய்யும். சரியாகப் போட்டுக் காட்டிவிடத்தான் அவர் நினைத்தார். சத்தியமாக அப்படித்தான் நினைத்தார். வட்டம் வந்தது. எண்களை எழுதினார். நிமிர்ந்து பார்த்தபோது எண்கள் எல்லாம் வட்டத்தின் வலது பக்கமே நெருக்கியடித்துக்கொண்டு நின்றன. இடது பக்கம் வெறுமையாக இருந்தது. ஏன் அப்படி என்று அவருக்குப் புரியவில்லை.

டாக்டர் தாளைப் பிடுங்கி வெளிச்சத்தில் காட்டினார். "அடடா! எங்க கத்துக்கிட்டீங்க இத? அச்சு அசலா இப்படித்தான் போடுவாங்க! நிஜ நோயாளி தோத்துடுவான். சரி, அந்த மூணு வார்த்த என்ன?"

நார்மன் வாயைத் திறந்தார். மூன்று வார்த்தையா? எந்த மூன்று வார்த்தை?

டாக்டர் கைதட்டினார். "அந்த முழி! அந்த முழிய நான் தினம் பாக்கறேங்க. பிரமாதம்!" கையெழுத்து வாங்கிக்கொண்டு வாசல் வரை வந்து வழியனுப்பினார்.

வெளியே மழை தூறிக்கொண்டிருந்தது. பெரில் கையை நீட்ட, ஒரு கறுப்பு டாக்ஸி வந்து நின்றது. நார்மன் கதவருகே அப்படியே நின்றுவிட்டார்.

"ஏறுய்யா, நனையறோம். சரி, நான் முதல்ல ஏறறேன்." பெரில் ஏறி நகர்ந்து இடம் விட்டார். நார்மன் ஏறினார்.

டிரைவர் கண்ணாடியில் பார்த்துவிட்டுத் துள்ளினான். "அட, நம்ம பெர்ட்! எட்னாவும் கூடவா! எங்க தலைவரே போகணும்?"

"வீட்டுக்குத்தான்," என்றார் நார்மன். "ஏழு, ஃபவுண்ட்ரி லேன்."

டிரைவர் ஸ்டீயரிங்கில் அடித்து அடித்துச் சிரித்தான். நார்மனுக்கு அவன் ஏன் சிரிக்கிறான் என்று தெரியவில்லை. மழைக்கு இதமாக ஆன்வில்லில் கணப்பு எரிந்துகொண்டிருக்கும், மாடி ஏறினால் படுக்கை, இதில் சிரிக்க என்ன இருக்கிறது? பெரிலைப் பார்த்தார். பெரில் சிரிக்கவில்லை. பெரிலின் கண் நிறைந்திருந்தது. அப்போதுதான் அவருக்கு உறைத்தது. ஃபவுண்ட்ரி லேனில் மாடி கிடையாது. படுக்கை கிடையாது. அது மூன்று பலகைச் சுவரும் ஒரு கவுண்டரும்தான். தான் இத்தனை வருடமாகக் குடியிருக்கிற வீடு எந்தத் தெருவில் இருக்கிறது என்று தேடினார். இருட்டில் சுவிட்சைத் தடவுவது மாதிரி தடவினார். கிடைக்கவில்லை.

"பெரில், எனக்குப் பயமா இருக்கு."

"தெரியும்."

"அங்க உள்ள நான் நடிக்கல."

"அதுவும் தெரியும். ரெண்டு வருஷமாத் தெரியும். 'நீ இல்லாம நான் இல்ல எட்னா'ன்னு என்கிட்ட சொல்றதுக்குப் பதிலா பியர் பம்புகிட்ட சொன்ன பாரு, அன்னிலேருந்து தெரியும்."

"ஏன் கேக்கல?"

"நீ அவ்வளவு பாடுபட்டு ஒளிச்சு வச்சத நான் எப்படிய்யா எடுத்துப் பாக்கறது? அதான் உன் வசனத்தையும் சேத்துப் படிச்சு வச்சுக்கிட்டேன். இனிமே இத நீயே வெளிய சொன்னாத்தான் உண்டு."

வண்டி இன்னும் நின்ற இடத்திலேயே நின்றது. டிரைவர் வேடிக்கை முடியட்டும் என்று காத்திருந்தான். நார்மன் பின்கண்ணாடி வழியாகத் திரும்பிப் பார்த்தார். டாக்டர் பிளெவின் இன்னும் வாசலில் நின்று யாரிடமோ அந்தக் கடிகாரப் படத்தைக் காட்டிச் சிரித்துக்கொண்டிருந்தார்.

"கொஞ்சம் கதவத் தொறங்க," என்றார் நார்மன். "நான் இறங்கணும். அந்த டாக்டர்கிட்ட உண்மையச் சொல்லிட்டு வந்துடறேன்."

"சரி பெர்ட், உங்க இஷ்டம்," என்றான் டிரைவர்.

நார்மன் ஒரு கால் வெளியே வைத்துவிட்டு நின்றார். பெரிலின் கையைப் பிடித்துக்கொண்டு டிரைவர் பக்கம் குனிந்தார்.

"நார்மன்," என்றார். "என் பேரு நார்மன் கெர்ஷா." பெரில் தலையாட்டினார். நார்மன் அதை மெதுவாக இன்னொரு முறை சொல்லிப் பார்த்துக்கொண்டு இறங்கினார்.